மணமுறிவும் மனையுரிமையும்



மூன்று ஞாயிற்றுக்கிழமைகளில் சபையார் முன்னிலையில் திருமண அறிக்கை வாசிக்கப்பெற்று, ஆலயப் பதிவேட்டில் இருவரும் கையொப்பமிட்டுத் தொடங்கிய தாம்பத்தியம் ஒன்று முறிந்துபோகுமானால், மனக்காயம் ஆறுவதற்கு முன்பே இரண்டு வினாக்கள் எழுந்துவிடுகின்றன: மனைவியும் மக்களும் எதைக் கொண்டு ஜீவிப்பது, எந்தக் கூரையின் கீழ் வசிப்பது? முதல் வினாவுக்குச் சட்டம் ஒருவாறு விடை தந்திருக்கிறது; இரண்டாவதற்கு இன்னும் தரவில்லை என்பது என் திடமான அபிப்பிராயம்.

கிறிஸ்தவர்களுடைய விவாகரத்தை ஆளும் சட்டம் 1869-ஆம் ஆண்டில் பிறந்தது. கணவன் மனைவியின் சோரத்தை மாத்திரம் நிரூபித்தால் போதும் என்று வைத்த அச்சட்டம், மனைவி விடுதலை கோரினாலோ, கணவனுடைய சோரத்தோடு கொடுமை, இரண்டாண்டுக் காலம் கைவிட்டது போன்ற வேறொரு குற்றத்தையும் சேர்த்தே நிரூபிக்க வேண்டும் என்று விதித்தது. வழக்கு நடக்கும் காலத்தில் அவளுக்குக் கிடைக்கும் ஜீவனாம்சம் கணவனுடைய நிகர வருமானத்தில் ஐந்தில் ஒரு பங்கை மீறலாகாது என்றும் எல்லை கட்டியது. 2001-ஆம் ஆண்டுத் திருத்தம் இவ்விரண்டு அநீதிகளையும் அகற்றியது. இடைக்கால ஜீவனாம்ச மனுவை இயன்றவரையில் 60 நாளுக்குள் முடிக்க வேண்டும் என்றும் சொன்னது. உச்ச நீதிமன்றமோ 2020-ஆம் ஆண்டில், கணவன் மனைவி இருவரும் தம் வருமானத்தையும் ஆஸ்தியையும் கடனையும் பிரமாண பத்திரத்தில் வெளிப்படுத்த வேண்டும் என்றும், மனுச் செய்த தேதியிலிருந்தே ஜீவனாம்சம் கணக்கிடப்பட வேண்டும் என்றும் கட்டளையிட்டது. ரோமன் கத்தோலிக்க நேயர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும்: திருச்சபை நீதிமன்றம் திருமணத்தைச் செல்லாதென்று அறிவித்தாலும், அரசாங்கத்தின் நீதிமன்றத்தில் தீர்ப்புப் பெறாதவரையில் சட்டத்தின் முன் அத்திருமணம் நிலைத்தே நிற்கும், 1996-லேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது.

இனி வீட்டுக்கு வருவோம். 1937-ஆம் ஆண்டில் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரி தாம்பரத்துக்கு இடம்பெயர்ந்து வந்தது; கல்லூரியையும் ரயில்வேயையும் பள்ளிகளையும் மருத்துவமனைகளையும் அண்டிப் பிழைக்கும் கிறிஸ்தவக் குடும்பங்கள் அவ்வட்டாரத்துச் சேலையூரிலும் பெருங்களத்தூரிலும் மேடவாக்கத்திலும் வங்கிக் கடன் பெற்று ஒரு மனையோ அடுக்குமாடியில் ஒரு வீடோ வாங்குவதையே ஆயுளின் பெரும் முயற்சியாகக் கொண்டிருக்கின்றன. அத்தகைய ஒரு குடும்பத்தின் வரவு செலவைச் சற்றே உற்று நோக்குங்கள். ஆசிரியையாகவோ செவிலியாகவோ மனைவி கொண்டுவரும் சம்பளம் அரிசிக்கும் பாலுக்கும் பள்ளிக் கட்டணத்துக்கும் மாமியாரின் மருந்துக்கும் போய்விடுகிறது. கணவனின் சம்பளம் வங்கித் தவணைக்குப் போகிறது. முன்னதற்கு அடையாளமாக எஞ்சுவது ஒன்றுமில்லை. பின்னதற்கோ மாதாமாதம் வங்கிக் கணக்கில் ஒரு வரி பதிவாகிறது. பத்தாண்டு கழித்துப் பிணக்கு மூண்டு, கிரயப் பத்திரத்தையும் வில்லங்கச் சான்றையும் எடுத்துப் பார்க்கும்போது, அவற்றில் இருப்பது ஒருவர் பெயர்தான். அவள் சமைத்து ஊட்டிய சோறும் கட்டிய பள்ளிக் கட்டணமும் அந்த வீட்டின் சுவர்களிலே செங்கல்லாக அமைந்திருந்தும், எந்தப் பத்திரமும் அதைச் சொல்வதில்லை.

மணமான பெண் உழைத்து ஈட்டும் ஊதியம் அவளுக்கே பிரத்தியேகமான சொத்து என்று 1874-ஆம் ஆண்டுச் சட்டமே கூறியதையும், அந்நாளில் இந்து, முஸ்லிம் பெண்களை விலக்கி நின்ற அச்சட்டம் கிறிஸ்தவப் பெண்களுக்குப் பொருந்தியதையும் எண்ணும்போது வேதனை மிகுகிறது. ஊதியம் அவளுடையது, அதனால் தாங்கப்பட்ட வீடு அவளுடையதன்று! விவாகரத்துச் சட்டத்தின் 40-ஆம் பிரிவு, திருமணத்தை முன்னிட்டு எழுதப்பட்ட சொத்து ஏற்பாடுகளை நீதிமன்றம் ஆராய்ந்து தம்பதியருக்கோ மக்களுக்கோ பயன்படச் செய்யலாம் என்கிறது; ஆனால் அத்தகைய ஏற்பாடுகளை எழுதும் வழக்கம் ஆங்கிலச் செல்வக் குடும்பங்களில் இருந்ததேயன்றி, நம்மிடையே வேரூன்றவில்லை. 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் எம்மதத்துப் பெண்ணுக்கும் பகிர்ந்து வாழ்ந்த வீட்டில் வசிக்கும் உரிமையை அளிக்கிறது. அது வசிப்பிடமே தவிர, பாத்தியதை அன்று.

நம்பிக்கைக்கு இடமில்லாமல் இல்லை. 2023 ஜூன் மாதத்தில் சென்னை உயர் நீதிமன்றம், நெய்வேலிக் குடும்பம் ஒன்றின் வழக்கில், கணவர் அயல்நாட்டில் பொருளீட்டி அனுப்பிய காலத்தில் இல்லத்தையும் மக்களையும் பேணிய மனைவியின் உழைப்பும் சொத்துச் சேர்வதற்குக் காரணமே என்று ஏற்று, அவருக்குச் சம பங்கு உண்டென்று தீர்ப்பளித்தது. வழக்காடியவர்கள் கிறிஸ்தவர்கள் அல்லர். ஆயினும் அத்தீர்ப்பின் நியாயம் எந்த மதத்தையும் சார்ந்ததன்று. கோவாவில், போர்ச்சுக்கீசியர் காலத்துச் சிவில் சட்டப்படி, வேறு உடன்படிக்கை இல்லாதபோது தம்பதியரின் சொத்து இருவருக்கும் பொதுவாகவே கருதப்படுகிறது. மண வாழ்வில் சேர்ந்த சொத்தில் மனைவிக்குப் பங்களிக்க 2013-இல் மாநிலங்களவை நிறைவேற்றிய மசோதாவோ, இந்து திருமணச் சட்டத்தையும் சிறப்புத் திருமணச் சட்டத்தையும் மட்டுமே திருத்த முற்பட்டது. அதுவும் சட்டமாகாமலே போயிற்று. கிறிஸ்தவப் பெண்களை அந்த முயற்சியிலும் மறந்தது பெருங்குறை. இனி வரும் சட்டம் அக்குறையைக் களைந்தே ஆக வேண்டும்.

அதுவரை நம் கையிலிருப்பதை நாம் செய்யலாம். போதகர்களே, மணம் பேசி வரும் இளைஞர்களுக்கு ஜெப வாழ்வைப் போதிக்கும் அதே அமர்வில், வீட்டுப் பத்திரத்தில் இருவர் பெயரையும் எழுதும்படி சொல்லுங்கள். பெற்றோரே, மகளுக்கு அளித்த நகைக்கும் பணத்துக்கும் பட்டியலெழுதி இரு வீட்டாரும் கையொப்பமிடச் செய்யுங்கள். சகோதரிகளே, சம்பளச் சீட்டையும் கட்டண ரசீதையும் கிழித்தெறியாமல் பத்திரப்படுத்துங்கள். வழக்காடப் பணமில்லையே என்று அஞ்சி எவரும் உரிமையை விட்டுவிட வேண்டாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி, வருமானம் எவ்வளவாயினும், பெண்கள் அனைவருக்கும் இலவசமாக வழக்கறிஞர் உதவி பெற உரிமை உண்டு.