மீகாமன் என்னும் பெயர்

(பொழிவின் எழுத்து வடிவம்)



ஒருவனிடம் தொழிலை வாங்கிக்கொண்டு, அத்தொழிலுக்குரிய பெயரை அவனுக்கு மறுப்பது அடிமைப்படுத்துவோரின் பழஞ்சூழ்ச்சி. அச்சூழ்ச்சியை வென்ற ஒரு சிறு நீராவிக் கப்பலின் வரலாற்றைக் கேளுங்கள்.

அடிமைமுறையைக் காக்கத் தென் மாநிலங்கள் அமெரிக்க ஒன்றியத்தினின்று பிரிந்தன. கி.பி. 1861இல் போர் மூண்டது. குடியரசுத் தலைவர் ஆபிரகாம் இலிங்கன் ஏப்பிரல் 19ஆம் நாள் தென்கரையைக் கடல்வழி முற்றுகையிட ஆணையிட்டார். பருத்தி வெளியே செல்லலாகாது. படைக்கலம் உள்ளே வரலாகாது. அதுவே முற்றுகையின் நோக்கம்.

சார்ல்சுடன் துறைமுகத்தில் பருத்தி ஏற்றுவதற்காகக் கட்டப்பெற்ற கப்பல் 'பிளாண்டர்'. விறகால் இயங்குவது, நான்கடிக்கும் குறைந்த நீரிலும் மிதக்க வல்லது. தென்மாநிலப் படையினர் அதனைப் படைக்கலம் சுமக்கக் கொண்டனர்.

அதனைச் செலுத்தியவர் இராபர்ட் சுமால்சு என்னும் 23 அகவைக் கறுப்பின அடிமை. நீரோட்டம், மணல்திட்டு, கோட்டைகளின் குறியொலி யாவும் அவர் அறிவார். ஆயினும் 'மீகாமன்' என்னும் பெயர் வெள்ளையர்க்கே உரியதாம்! அவருக்கு வாய்த்த பெயர் 'சுக்கான் பிடிப்பவன்'.

1862 மே 12ஆம் நாள் இரவு, வெள்ளை அலுவலர் மூவரும் கரையில் துயிலச் சென்றனர். மறுநாள் விடியுமுன் சுமால்சு கப்பலை நகர்த்தினார். தம் மனைவி மக்களையும் தோழர் குடும்பத்தாரையும் வழியில் ஏற்றிக்கொண்டார். பிடிபட நேரின் கப்பலைத் தகர்த்து உடன் மாள்வதென அனைவரும் உறுதி பூண்டிருந்தனர்.

கப்பல் தலைவரின் வைக்கோல் தொப்பியை அணிந்து, அவரைப் போலவே நின்று, சம்டர்க் கோட்டையின் முன் உரிய ஊதலொலியை எழுப்பினார். கோட்டை வழிவிட்டது! பீரங்கிக்கு எட்டாத் தொலைவில் கொடியை இறக்கி வெண்விரிப்பை ஏற்றினார். சுட முனைந்த முற்றுகைக் கப்பல் 'ஆன்வர்டு' அதனைக் கண்டு நிறுத்தியது. ஆடவர் 8, பெண்டிர் 5, குழந்தைகள் 3. ஆக 16 உயிர்கள் விடியலோடு விடுதலை பெற்றன.

அன்று முதல் பிளாண்டர், முற்றுகையிட்ட ஒன்றியப் படைக்கே பணியாற்றியது. பெருங்கப்பல்கள் புகவியலாத ஆழமற்ற கழிகளில் புகுந்து சென்றது. 1863இல் பகைவரின் குண்டுமழைக்கு அஞ்சிக் கப்பல் தலைவர் பதுங்கிக்கொள்ள, சுமால்சே கப்பலைக் காத்தார். பின்னர் அதற்குத் தலைவரும் ஆனார்! போருக்குப் பின் அமெரிக்கப் பேராயத்தில் அமர்ந்தார். தாம் அடிமையாய்ப் பிறந்த வளமனையையே விலைக்கு வாங்கி, 1915இல் அங்கேயே மறைந்தார்.

பெயரைப் பிறர் வழங்கட்டும் என்று காத்திருந்தால், சுக்கான் பிடிப்பவனாகவே அவர் மாய்ந்திருப்பார். சுக்கான் தம் கையில் இருப்பதை உணர்ந்தார், மீகாமன் ஆனார். கையிலுள்ள சுக்கானை உணர்ந்தவர்க்கே கரை உண்டு.