பனங்கட்டியும் பழப்புளியும் சேர்ந்த கோழித்தொடைப் பிரட்டல்

கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா ஆகிய மாவட்டங்களை உள்ளடக்கிய வன்னிப் பெருநிலப்பரப்பில் கோழி இறைச்சி பெரும்பாலும் வறுத்து இடித்த தூளும் தேங்காய்ப்பாலும் சேர்த்து உறைப்பாகவே சமைக்கப்படுகின்றது. இதனால், இனிப்பும் உப்பும் புளிப்பும் ஒருங்கே இறங்கிய கோழிக்கறி என்றவுடன், ஏ-9 வீதியோர உணவகங்களில் தக்காளிச் சோஸும் சோயாச் சோஸும் சீனியும் இட்டுப் பெருந்தீயில் பிரட்டித் தரப்படும் 'டெவல்' வகைகளே பலரது நினைவுக்கும் வருகின்றன. எனினும், இச்சுவைச் சேர்க்கை போத்தல்களில் அடைத்த சோஸுகளோடு வன்னிக்குள் புகுந்த ஒன்றன்று. வெங்காயத்தைப் பொன்னிறமாக வதக்கிச் செத்தல் மிளகாயும் பழப்புளியும் சீனியும் சேர்த்துச் செய்யப்படும் சீனிச் சம்பலும், அன்னாசிப்பழக் கறியும், புளிப்பு மாங்காயைச் சர்க்கரையிட்டு வைக்கும் கறியும் இங்குள்ள வீடுகளுக்கு நன்கு பழக்கமானவை. அவற்றில் உள்ள அதே நியாயத்தைக் கோழித் தொடைக்குப் பொருத்தி, பனங்கட்டி, பழப்புளி, காட்டுத்தேன், ஆனையிறவு உப்பு எனக் கைக்கெட்டும் தொலைவில் விளையும் பொருள்களைக் கொண்டே மென்மையான கறியொன்றைச் சமைத்துவிடலாம். அதற்குத் தேவைப்படுவது, எப்பொருள் எந்த வேளையில் சட்டிக்குள் சேர வேண்டும் என்பது பற்றிய தெளிவேயாகும்.

இறைச்சியும் இனிப்பும் இத்தீவில் ஒன்றுசேர்ந்த வரலாறு மிகப் பழையது. 1660ஆம் ஆண்டில் கண்டி அரசனின் ஆட்களிடம் சிறைப்பட்டு, ஏறத்தாழ 19 ஆண்டுகள் உள்நாட்டில் வாழ்ந்து, 1679இல் அநுராதபுரக் காடுகளினூடாகத் தப்பி மன்னார்க் கரையிலுள்ள அரிப்புக் கோட்டையை அடைந்த ஆங்கிலேயரான றொபேட் நொக்ஸ், 1681இல் இலண்டனில் வெளிவந்த தமது நூலில், காட்டில் வாழ்ந்த வேடர்கள் மரப்பொந்துக்குள் தேனை ஊற்றி, அதனுள் இறைச்சியை இட்டு நிரப்பி, களிமண்ணால் வாயை அடைத்து, பஞ்ச காலத்துக்கென்று சேமித்த முறையைப் பதிவு செய்துள்ளார். தேனில் நீர் ஐந்தில் ஒரு பங்குக்கும் குறைவாகவே உள்ளதாலும், அது அமிலத் தன்மை உடையதாலும், இறைச்சியைப் பழுதாக்கும் நுண்ணங்கிகள் அதில் பெருக முடிவதில்லை. ஒட்டுசுட்டான், நெடுங்கேணி போன்ற இடங்களைச் சூழ்ந்துள்ள, பாலையும் வீரையும் முதிரையும் நிறைந்த காடுகளில் தேன் எடுப்பவர்களுக்கும் வேட்டை இறைச்சி ஒரு காலத்தில் அன்றாட உணவாகவே இருந்தது. 1937ஆம் ஆண்டின் வன விலங்கு, தாவரப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டமும் அதன் பின்வந்த திருத்தங்களும் மான், மரை போன்ற விலங்குகளைக் காத்து நிற்பதால், இன்று காட்டுத்தேனோடு சேரத் தக்க இறைச்சி வீட்டு முற்றத்துக் கோழியினுடையதே. 2009இல் போர் முடிந்து மக்கள் தத்தம் ஊர்களில் மீளக் குடியேறியபோது வாழ்வாதார உதவியாக வழங்கப்பட்டவற்றுள் கோழிக்குஞ்சுகளும் அடங்கியிருந்தன. எல்லாவற்றையும் இழந்து திரும்பிய பல குடும்பங்களுக்கு முட்டையும் இறைச்சியும் மீண்டும் கிடைத்தது அந்தச் சிறிய கூடுகளிலிருந்தே என்பது மறக்கத் தகாதது.

கோழியின் உறுப்புகளுள் தொடை ஏன் இக்கறிக்கு உகந்தது என்பதற்கு அதன் உடலமைப்பிலேயே விடை உண்டு. கோழி நாள் முழுவதும் நடந்தும் கிளறியும் திரிவதால் கால்களின் தசைகள் ஓயாது உழைக்கின்றன. அவ்வுழைப்புக்கு வேண்டிய ஒட்சிசனைத் தசைக்குள் சேமித்து வைக்கும் மயோகுளோபின் என்னும் செந்நிறப் புரதமும், தசை நார்களை ஒன்றோடொன்று பிணைக்கும் தொடுப்பிழையமும், கொழுப்பும் தொடையில் மிகுந்துள்ளன. நெஞ்சுத் தசையோ அரிதாகவே பறக்கும் பறவையின் சிறகுகளை இயக்குவது. ஆதலால் வெளிறியதாகவும், கொழுப்புக் குறைந்ததாகவும் உள்ளது. தொடுப்பிழையத்தின் முதன்மைப் புரதம் கொலாஜன் எனப்படும். இது பச்சையாக உள்ளபோது மெல்லுதற்கு அரியது. ஆனால் ஈரச் சூட்டில், 70 பாகை செல்சியசைக் கடந்த நிலையில் நெடுநேரம் நிற்கும்போது, கரைந்து ஜெலற்றின் என்னும் வழுவழுப்பான பொருளாக மாறுகின்றது. ஆட்டுக்கால் சூப்பு ஆறியதும் கட்டியாக உறைவது இந்த ஜெலற்றினாலேயே. கோழி இறைச்சி பாதுகாப்பாக உண்ணத் தக்கதாவதற்கு அதன் நடுப்பகுதி 74 பாகை செல்சியசை எட்ட வேண்டும். நெஞ்சுத் தசை அந்தச் சூட்டைச் சற்றுத் தாண்டினாலும் நீரை இழந்து சக்கையாகிவிட, தொடையோ 80 பாகையைத் தாண்டிய பின்னரே தன் மென்மையைப் பெறுகின்றது. எனவே, தொடைக்கறியை விரைவில் இறக்குவது சிக்கனமாகத் தோன்றினாலும் உண்மையில் அது ஒரு வீண்செலவே. தொடைக்கு விலை கொடுத்தவர் அதற்கு நேரமும் கொடுத்தாக வேண்டும்.

இனிப்புக்கான பொருள்களில் பனங்கட்டிக்கே முதலிடம் தரப்பட வேண்டும். பனையின் பாளையைச் சீவி, உட்புறம் சுண்ணாம்பு தடவிய முட்டியைக் கட்டும்போது, சுண்ணாம்பாகிய கல்சியம் ஐதரொட்சைட்டு சாற்றைப் புளிக்கவிடாது தடுக்க, கள்ளுக்குப் பதிலாக இனிய கருப்பநீர் கிடைக்கின்றது. ஏறத்தாழ 10 முதல் 15 வீதம் வரையே சீனி கொண்ட அந்நீரைத் தாச்சியில் மணிக்கணக்காகக் காய்ச்சி, பாகு பதத்தில் பனையோலைக் குட்டான்களில் வார்த்து ஆறவிட்டால் பனங்கட்டி உருவாகின்றது. 1978இல் நிறுவப்பட்ட பனை அபிவிருத்திச் சபை இத்தகைய பனம்பொருள்களின் ஆக்கத்தை ஊக்குவிப்பதற்கென்றே அமைந்தது. வெள்ளைச் சீனியில் இனிப்பு ஒன்றே உண்டு. பனங்கட்டியிலோ காய்ச்சலின் புகை மணமும், மெல்லிய உவர்ப்பும், கருகலை ஒட்டிய கசப்பின் சாயலும் சேர்ந்துள்ளன. இறைச்சியோடு இணங்குவது இந்தக் கலப்புச் சுவையே. சீனிப் பாகு கலந்து வார்த்த பனங்கட்டியும் சந்தையில் உண்டாதலால், நம்பிக்கையான இடத்தில் வாங்குதல் நன்று.

சமைக்கும் முறை வருமாறு. ஒரு கிலோ எலும்புள்ள கோழித் தொடைகளைத் தோல் நீக்கி, சதையின் தடித்த பகுதியில் எலும்பு வரை இரண்டிரண்டு கீறல்கள் இட்டு, ஒன்றரைத் தேக்கரண்டி உப்பு, அரைத் தேக்கரண்டி மஞ்சள், ஒரு மேசைக்கரண்டி வறுத்த கறித்தூள், பாதித் தேசிக்காயின் சாறு ஆகியவற்றைப் பூசி ஒரு மணி நேரம் வைக்க வேண்டும். உப்பு முதலிலேயே சேர்வது இன்றியமையாதது. அது சதைக்குள் ஊடுருவிப் புரதங்களைத் தளர்த்துவதால் அவை சூட்டிலும் நீரைப் பிடித்து வைத்துக்கொள்கின்றன. தேசிப்புளியில் நெடுநேரம் கிடந்தால் இறைச்சியின் மேற்பரப்பு மாப்போலக் குழைந்துவிடுமாகையால், ஊறும் நேரத்தை அதற்கு மேல் நீட்ட வேண்டியதில்லை.

பின்னர், அகன்ற மண்சட்டியிலோ தாச்சியிலோ மூன்று மேசைக்கரண்டி எண்ணெயைச் சூடாக்கி, தொடைகளை நெருக்காமல் அடுக்கி, இருபுறமும் நன்கு சிவக்க விட வேண்டும். புரதத்திலுள்ள அமினோ அமிலங்களும் சீனி வகைகளும் உயர் சூட்டில் ஒன்றோடொன்று தாக்கமுற்று நிறத்தையும் மணத்தையும் பிறப்பிக்கும் இச்செயல், 1912இல் அதனை விளக்கிய பிரெஞ்சு இரசாயனவியலாளரின் பெயரால் மெய்லார்ட் தாக்கம் எனப்படுகின்றது. ஈரமான மேற்பரப்பு நீரின் கொதிநிலையைத் தாண்டிச் சூடேறாது என்பதால், ஊறிய இறைச்சியில் வடியும் நீரை ஒற்றியெடுத்த பின்னரே எண்ணெயில் இடுதல் வேண்டும். சிவந்த தொடைகளை எடுத்து வைத்துவிட்டு, அதே எண்ணெயில் பெருஞ்சீரகம், ஒரு துண்டு கறுவா, கறிவேப்பிலை, றம்பை, அரைத்த இஞ்சியும் உள்ளியும், அரிந்த சின்ன வெங்காயம் 15 ஆகியவற்றை வதக்கி, மேலும் ஒரு மேசைக்கரண்டி தூளைச் சேர்த்துப் பிரட்டி, இரண்டு கோப்பை இரண்டாம் பாலை ஊற்றித் தொடைகளை மீண்டும் இட வேண்டும். இரண்டாம் பால் என்பது, முதற்பால் எடுத்த தேங்காய்ப்பூவை மீண்டும் நீர்விட்டுப் பிழிந்து பெறும் ஐதான பாலாகும். கொதி வந்தவுடன் தீயைத் தணித்து, மூடிபோட்டு, 40 நிமிடம் அளவில் மெல்ல வேகவிட வேண்டும். விறகடுப்பு உள்ள வீடுகளில் கொள்ளிகளை வெளியே இழுத்துத் தணலை மட்டும் விட்டுவைத்தல் இதற்கு மிகச் சிறந்த வழி. 2022இல் எரிவாயுச் சிலிண்டர்களுக்கு நேர்ந்த தட்டுப்பாட்டின்போது விறகுக்குத் திரும்பிய சமையலறைகளில் இப்பக்குவம் இன்னும் எளிது.

இதுவரை இனிப்பு எதுவும் சட்டிக்குள் செல்லவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். பனங்கட்டியைத் தொடக்கத்திலேயே இட்டுவிடும் வழக்கமே இவ்வகைக் கறிகள் கெட்டுப்போவதற்கு முதற் காரணமாகும். நீர் வற்ற வற்றச் சீனிக் கரைசலின் சூடு ஏறுகின்றது. அடியில் தங்கிய பாகு கருகி, அக்கசப்பு கறி முழுவதிலும் பரவிய பின்னர் அதனைத் திருத்த வழியில்லை. இறைச்சி வேகத் தேவையான நேரமும், இனிப்பு தாங்கும் நேரமும் வெவ்வேறானவை. ஆகவே, தொடையின் சதை எலும்பின் முனையிலிருந்து பின்வாங்கி, அகப்பைக் காம்பால் அழுத்தியதும் விட்டுக்கொடுக்கும் நிலை வந்த பின்னரே, தேசிக்காயளவு பழப்புளியை அரைக் கோப்பை நீரில் கரைத்து வடித்ததையும், தட்டிய பனங்கட்டி 60 கிராமையும் சேர்க்க வேண்டும். பழப்புளியிலுள்ள தார்த்தாரிக் அமிலம் இனிப்பைத் திகட்டவிடாது நிறுத்துவதோடு, கொழுப்பின் கனத்தையும் நாவில் குறைக்கின்றது. மூடியைத் திறந்து வைத்து, தீயை ஓரளவு கூட்டி, 8 அல்லது 10 நிமிடம் தொடைகளைப் புரட்டிப் புரட்டி வற்றவிட்டால், சதையிலிருந்து கரைந்த ஜெலற்றினும் பனம்பாகும் சேர்ந்து, மாவோ சோளமாவோ இல்லாமலே குழம்பைத் தடிப்பாக்கித் தொடையின் மேல் பளபளப்பாகப் படியச் செய்கின்றன. உப்பும் புளியும் போதுமா என்று பார்க்கத் தக்க வேளை இதுவே. முன்னர் சரியாக இருந்த உப்பு, நீர் வற்றியதும் கரித்துவிடக்கூடும்.

அடுப்பிலிருந்து இறக்கிச் சில நிமிடம் ஆறிய பின்னர், விரும்புவோர் ஒரு மேசைக்கரண்டி காட்டுத்தேனை மேலே ஊற்றிப் பிரட்டலாம். தேனில் மிகுந்துள்ள பிரக்டோசு ஏனைய சீனிகளைவிடக் குறைந்த சூட்டிலேயே கருகத் தொடங்குவதாலும், அதன் மலர் மணம் கொதியில் பறந்துவிடுவதாலும், கொதிக்கும் சட்டியில் தேனை இடுவது அரிய பொருளை இழப்பதற்கு ஒப்பாகும். ஒரு வயது நிறையாத குழந்தைகளுக்குத் தேன் கலந்த எவ்வுணவும் ஊட்டலாகாது. தேனில் சில வேளைகளில் இருக்கும் நுண்ணங்கி வித்திகள் அவர்களின் குடலில் பெருகி நச்சு உண்டாக்க வல்லவை. அவ்வாறான குழந்தை உள்ள வீட்டில் பனங்கட்டியோடு நிறுத்திக்கொள்வதே முறை.

இக்கறி இரணைமடு, முத்தையன்கட்டுக் குளங்களின் கீழ் விளைந்த நெல்லின் குத்தரிசிச் சோற்றுக்கும், பிட்டுக்கும் பொருந்தும். பருப்பும் கீரையும் போல உறைப்பற்ற துணைக்கறிகள் உடனிருந்தால் அதன் சுவை தெளிவாகத் துலங்கும். மேற்கூறிய நேரக்கணக்கு, சில வாரங்களிலேயே வளர்ந்து இறைச்சியாகும் பண்ணைக் கோழிக்கு உரியது. ஊர்க்கோழியின் கொலாஜன், வயது ஏற ஏறக் குறுக்குப் பிணைப்புகளால் இறுகிவிடுவதால், அதன் தொடைக்கு ஒன்றரை மணி நேரம் வரையும் தணல் தேவைப்படலாம். இடையில் பால் வற்றினால் சுடுநீர் விட்டுக்கொள்ளலாம். சதை விட்டுக்கொடுக்கும் வரை பழப்புளியும் பனங்கட்டியும் சட்டிக்கு வெளியிலேயே காத்திருக்க வேண்டும்.