மகன் எங்கே என்று கேட்ட தந்தை
(தாராவியில் நடந்த மாதக் கூட்டத்தில் சங்கத்தின் சார்பில் ஆற்றிய உரை)



முன்வரிசையில் ஒரு தாய் அமர்ந்திருக்கிறார். விசாரணைக்கென்று போலீசார் அழைத்துப்போன அவர் மகன் உயிரோடு திரும்பவில்லை. "கையெழுத்துப் போடு, உடலை எடுத்துக்கொண்டு போ" என்று ஒரு தாளை நீட்டினார்கள். அது மராத்தியில் இருந்தது. "என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் போடமாட்டேன்" என்று அந்தத் தாய் வாசலில் உட்கார்ந்துவிட்டார். பிறகு ஒரு தரகர் பணம் பேச வந்தார். நம்மவர்களே சிலர், "ஏழைக்கு ஏது கோர்ட்டு? ஊருக்குப் போய்ச் சேர்" என்றார்கள். அப்படிச் சொன்னவர்களுக்குத்தான் இன்றைய பேச்சு.

கேரளத்தில் ஈச்சர வாரியர் என்று ஓர் இந்திப் பேராசிரியர் இருந்தார். அவர் மகன் ராஜன் கோழிக்கோட்டில் பொறியியல் மாணவன். நெருக்கடி நிலைக் காலத்தில், 1976 மார்ச் 1 அன்று விடியற்காலையில், போலீசார் அவனைப் பிடித்துக் கக்கயம் முகாமுக்குக் கொண்டுபோனார்கள். தந்தை அதிகாரிகளிடம் அலைந்தார், அமைச்சர்களிடம் மன்றாடினார், மனுமேல் மனு எழுதினார். பதில் இல்லை. ஆட்கொணர்வு மனுவுக்கும் அப்போது வழியில்லை. 1976 ஏப்ரலில் உச்சநீதிமன்றமே அந்தக் கதவை அடைத்துவிட்டது.

1977 மார்ச்சில் நெருக்கடி நிலை நீங்கியது. சில நாட்களிலேயே வாரியர் உயர்நீதிமன்றப் படியேறினார். "ராஜனைப் பிடிக்கவே இல்லை" என்று அரசு சத்தியம் செய்தது. பிடித்ததைக் கண்ணால் கண்டவர்களும் முகாமில் அவனோடு அடைபட்டிருந்தவர்களும் சாட்சி சொன்னார்கள். ஏப்ரல் 13 அன்று, ராஜன் போலீஸ் காவலில் இருந்தது உண்மை, அவனைக் கொண்டுவந்து நிறுத்துங்கள் என்று நீதிமன்றம் ஆணையிட்டது. அவன் காவலிலேயே இறந்துவிட்டான் என்று அரசு ஒப்புக்கொள்ள வேண்டிவந்தது. முதலமைச்சர் கருணாகரன் அந்த மாதமே பதவி விலகினார்.

தோழர்களே, இதை வெற்றிக் கதையாகச் சொல்ல மாட்டோம். குற்ற வழக்கு நம் கோயம்புத்தூரில் நடந்தது. அதிகாரிகள் சிலருக்கு ஓராண்டுத் தண்டனை கிடைத்தது. மேல்முறையீட்டில் அதுவும் ரத்தாயிற்று. ராஜனின் உடல் கடைசிவரை கிடைக்கவில்லை. 2006இல் வாரியர் கண்மூடினார். ஆனாலும் "பிடிக்கவே இல்லை" என்ற பொய் நிற்கவில்லை. அதை வீழ்த்தியது பணமா? இல்லை. ஒரு தந்தையின் பிடிவாதமும், பயப்படாத சாட்சிகளும்தான்.

அவர் படித்தவர் என்பீர்கள். ஒரிசாவில் நீலாவதி பெஹரா என்ற தாயைப் பாருங்கள். 1987 டிசம்பரில் போலீசார் பிடித்துப்போன அவர் மகன், மறுநாள் தண்டவாளத்தில் பிணமாகக் கிடந்தான். தப்பி ஓடி ரயிலில் அடிபட்டான் என்றார்கள். தாய் உச்சநீதிமன்றத்துக்கு ஒரு கடிதம் போட்டார். அந்தக் கடிதமே வழக்காயிற்று. ரயில் கதையை நீதிமன்றம் தள்ளியது. 1993இல் ரூ.1,50,000 இழப்பீடு தரச் சொன்னது. உயிருக்கு அது விலையல்ல. ஆனால் காவலில் போன உயிருக்கு அரசே பொறுப்பு என்பது சட்டமாக நிலைத்தது.

ஆகவே நாம் செய்ய வேண்டியவை சில. புரியாத தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். பஞ்சநாமாவானாலும் படித்துச் சொல்லச் சொல்லுங்கள். பிடித்த நேரம், இடம், பார்த்தவர் பெயர் ஆகியவற்றை அன்றே எழுதி வையுங்கள். பிடிபட்டவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். காவலில் ஒருவர் இறந்தால் மாஜிஸ்திரேட் விசாரணை கட்டாயம். அதில் உறவினர் உடனிருக்கலாம். 1987ஆம் ஆண்டுச் சட்டப்படி, பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வழக்கறிஞர் உண்டு. தரகரைத் தேட வேண்டாம்.

இவற்றைவிடப் பெரியது ஒன்று. அன்று ராஜனோடு அடைபட்டவர்கள் வாய் திறக்காதிருந்தால் அந்தத் தந்தை தோற்றிருப்பார். இந்தத் தாயின் மகனை அழைத்துப்போனதைப் பார்த்தவர்கள் நம் சாலில் இருக்கிறார்கள். இந்தக் கூட்டத்திலும் இருக்கிறார்கள். வேலை போகும் என்ற பயம் நமக்குத் தெரியும். நமக்கும் அந்தப் பயம் உண்டு. அதனால்தான் தனியாகப் போகாதீர்கள் என்கிறோம். விசாரணை நாளன்று சங்கம் முழுவதும் உங்களோடு வரும்.

அந்தத் தாய் கையெழுத்துப் போடவில்லை. நாம் சாட்சி சொல்லப் போகிறோமா, இல்லையா?