ஓட்டுப் பெட்டிக்கு முன்னால் ஓட்டர் பட்டியல்

(கீழ் கோத்தகிரியில் நடந்த தோட்டத் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



கொழுந்து நிறுத்து, கணக்குப் பார்த்து, அடுப்பையும் மூட்டிவிட்டு வந்திருக்கிறீர்கள். பனி இறங்கிவிட்டது. கடைசி பஸ்ஸைப் பிடிக்க வேண்டியவர்களும் இருக்கிறீர்கள். ஆகவே சுற்றி வளைக்காமல் விஷயத்துக்கு வருகிறேன்.

"தேர்தல் சட்டமும் நமது ஓட்டுரிமையும்" என்று நோட்டீசில் அச்சடித்திருக்கிறார்கள். அதைப் பார்த்து ஒரு தோழர் கேட்டார்: "சட்டமெல்லாம் வக்கீலுக்கு. நாம் ஓட்டு நாளில் போகிறோம், பட்டனை அமுக்குகிறோம், வருகிறோம். இதில் படிக்க என்ன இருக்கிறது?" நியாயமான கேள்விதான். ஆனால் ஏழையின் ஓட்டைப் பறிக்க வேண்டுமென்றால் யாரும் பெட்டியை உடைக்க வேண்டியதில்லை, தோழர்களே. ஓட்டு நாளுக்குப் பல மாதம் முன்பே, ஓர் ஆபீஸ் மேஜை மேல், ஒரு பட்டியலில் ஒரு கோடு கிழித்தால் போதும். இது நான் புத்தகத்தில் படித்துச் சொல்வதல்ல. இதைத் தங்கள் உடம்பிலே அனுபவித்த குடும்பங்கள் இந்தக் கூட்டத்திலேயே இருக்கின்றன. சிலோனிலிருந்து வந்தவர்களைச் சொல்கிறேன்.

அந்தக் கதையை முதலில் சொல்ல வேண்டும். இளைஞர்கள் பலருக்கு அது தெரியாது. பாட்டி சொல்ல ஆரம்பித்தால் டி.வி. சத்தத்தைக் கூட்டிவிடுகிறார்கள்.

1947-ல் சிலோனில் பொதுத் தேர்தல் நடந்தது. பார்லிமெண்டுக்குத் தேர்ந்தெடுக்க வேண்டிய இடங்கள் 95. டி.எஸ். சேனநாயகாவின் ஐக்கிய தேசியக் கட்சிக்குக் கிடைத்தது 42. பெரும்பான்மை இல்லை! மலைநாட்டில் இலங்கை இந்தியர் காங்கிரஸ் 7 இடங்களைப் பிடித்தது. நுவரெலியாவில் தொண்டமான் ஜெயித்தார். தலவாக்கலையில் சி.வி. வேலுப்பிள்ளை ஜெயித்தார். இன்னும் பல தொகுதிகளில் தோட்டத் தொழிலாளி இடதுசாரி வேட்பாளர்களுக்கு ஓட்டளித்து வெற்றி தேடித் தந்தான். கூடையைச் சுமந்த கை ஓட்டுச் சீட்டையும் பிடித்தால் என்ன ஆகும் என்பதை, தோட்டத் துரைமாரும் கொழும்பு கனவான்களும் ஒரே தேர்தலில் கண்டுகொண்டார்கள்.

அடுத்த வருஷமே சட்டம் வந்தது. 1948-ம் வருஷத்துக் குடியுரிமைச் சட்டம். இலங்கையில் பிறந்தால் மட்டும் போதாது. தகப்பன் அங்கே பிறந்திருக்க வேண்டும், அல்லது தகப்பனைப் பெற்ற தாத்தாவும் அவருடைய தகப்பனும் அங்கே பிறந்திருக்க வேண்டும். அதற்கு அத்தாட்சி காட்ட வேண்டும். லயன் அறையில், மருத்துவச்சி கையில் பிறந்த தாத்தாவுக்கு யாரிடம் போய்ப் பிறப்புச் சான்று வாங்குவது? இடதுசாரிகள் அந்த மசோதாவை எதிர்த்து ஓட்டளித்தார்கள். மசோதா நிறைவேறியது. 1949-ல் இரண்டு சட்டங்கள் தொடர்ந்தன. ஒன்று, இந்திய-பாகிஸ்தானியர் மனுப் போட்டுக் குடியுரிமை பெறலாம் என்றது. கலியாணமானவருக்கு 7 வருஷம், ஆகாதவருக்கு 10 வருஷம் அங்கே இடைவிடாமல் குடியிருந்த ருசு வேண்டும் என்று நிபந்தனை. இன்னொன்று, குடியுரிமை உள்ளவனுக்கே ஓட்டு என்று தேர்தல் சட்டத்தைத் திருத்தியது.

சூட்சுமத்தைக் கவனியுங்கள். "தோட்டத் தமிழனுக்கு ஓட்டு இல்லை" என்று எந்தச் சட்டத்திலும் ஒரு வரி கிடையாது. எல்லாருக்கும் பொதுவான சட்டம் போலத்தான் இருக்கும். ஆனால் அந்த வலையின் கண்ணை அளவெடுத்துப் பின்னியது நம்மைப் பிடிக்க. சுமார் 8 லட்சம் பேருக்காக மனுக்கள் போடப்பட்டன. கடைசியில் குடியுரிமை கிடைத்தது ஏறத்தாழ 1 லட்சத்து 34 ஆயிரம் பேருக்கு.

கோர்ட்டுக்கும் போனார்கள். கோடக்கன் பிள்ளை என்பவர், ருவன்வெல்ல தொகுதி ஓட்டர் பட்டியலில் தன் பெயரைச் சேர்க்க வேண்டும் என்று கேட்டார். அப்போது அமலில் இருந்த அரசியல் சட்டத்தின் 29-வது பிரிவு, மற்றவர்களுக்கு இல்லாத தடையை ஒரு சமூகத்தாருக்கு மட்டும் சட்டம் விதிக்கக் கூடாது என்கிறதே என்று வாதித்தார். பட்டியலைச் சரிபார்க்கும் அதிகாரி சிவஞானசுந்தரம் என்பவர், "ஆமாம், இந்தச் சட்டப் பிரிவுகள் செல்லாது" என்று தீர்ப்பளித்தார். ஒரு சாதாரண அதிகாரி! அவருடைய பெயரை நாம் ஞாபகத்தில் வைத்திருக்க வேண்டும். 1951-ல் இலங்கை சுப்ரீம் கோர்ட் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. 1953-ல் லண்டன் பிரிவி கவுன்சிலும் கை கழுவியது. தன் பிரஜை யார் என்று தீர்மானிக்க ஒரு நாட்டுக்கு உரிமை உண்டாம். இந்தியத் தமிழர் வந்து போகும் ஜனங்களாம். அதைக் கணக்கில் எடுப்பது பாரபட்சம் ஆகாதாம். வந்து போகும் ஜனங்களைக் கங்காணியை அனுப்பிக் கப்பலேற்றி அழைத்துப் போனது யார் என்று பிரபுக்கள் கேட்கவில்லை.

1952 தேர்தலில் இலங்கை இந்தியர் காங்கிரஸுக்கு ஓர் இடம்கூட இல்லை. ஓட்டு இல்லாதவனுக்கு எதற்குச் சம்பள உயர்வு, எதற்கு ஸ்கூல், எதற்கு ரோடு? 1964 அக்டோபரில் சிறிமாவோவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஒப்பந்தம் செய்தார்கள். 9 லட்சத்து 75 ஆயிரம் பேர் கணக்கு. இந்தியாவுக்கு 5 லட்சத்து 25 ஆயிரம், இலங்கைக்கு 3 லட்சம். மிச்சமிருந்த ஒன்றரை லட்சத்தை 1974-ல் ஆளுக்குப் பாதியாகப் பங்கு போட்டார்கள். போகட்டுமா, இருக்கட்டுமா என்று அந்த ஜனங்களைக் கேட்டவர் யார்? இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 1948-ல் நமக்காக வாதாடிய சமசமாஜக் கட்சி, இந்த ஒப்பந்தம் ஆனபோது சிறிமாவோ மந்திரிசபையில் இருந்தது. ஓட்டில்லாத தொழிலாளியைத் தோழர்கள்கூட மறந்துபோவார்கள் என்பதற்கு இதைவிடக் கசப்பான சாட்சி வேண்டாம்.

தலைமன்னாரில் கப்பலேறி, இராமேசுவரத்தில் இறங்கி, மண்டபம் முகாமில் காத்துக் கிடந்து, இந்த மலைக்கு வந்தார்கள். அவர்களுக்கு வேலை கொடுக்க 1968-ல் வன இலாகா தேயிலை போட ஆரம்பித்தது; அதுதான் பிறகு டான்டீ ஆயிற்று. அங்கே இடம் கிடைக்காதவர்கள் தனியார் எஸ்டேட்டிலும் உருளைக்கிழங்குக் காட்டிலும் கூலி வேலைக்குப் போனார்கள்.

இங்கே நிலைமை வேறு. அதை மறைக்கத் தேவையில்லை. நமது அரசியல் சட்டத்தின் 326-வது பிரிவு வயது வந்த பிரஜை அனைவருக்கும் ஓட்டு என்கிறது; சொத்து கேட்கவில்லை, படிப்பு கேட்கவில்லை. 325-வது பிரிவு மதம், ஜாதி, பால் என்று பிரித்துத் தனிப் பட்டியல் வைக்கக் கூடாது என்கிறது. 1950-ம் வருஷத்து மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம், தொகுதியில் சாதாரணமாகக் குடியிருந்தால் போதும் என்கிறது. நன்றாகக் கேளுங்கள்: குடியிருந்தால் போதும். வீடு சொந்தமா, எஸ்டேட் லயனா, வாடகையா என்ற கேள்வியே கிடையாது. இங்கே வீடு வைத்திருக்கிறேன் என்பதால் மட்டும் பங்களாக்காரருக்கு இங்கே ஓட்டு வந்துவிடாது. இருபதாவது பிரிவு அப்படித்தான் சொல்கிறது. மழையில் ஒழுகும் லயனில் தினமும் படுத்து எழுகிறவனுக்கு உண்டு. சும்மா நாலு நாள் ஊருக்குப் போய்வந்தால் அந்த உரிமை போய்விடாது.

ஆனால் ரிட்டயர் ஆனவுடன் லயனைக் காலி பண்ணு என்கிறார்களே, அங்கேதான் ஆபத்து. மகன் வேலை பார்க்கிற திருப்பூருக்கோ கோயம்புத்தூருக்கோ போகிறீர்கள். இங்கே பெயர் அடிபட்டுவிடுகிறது, அங்கே சேரவில்லை. இரண்டுங்கெட்டான்! வீடு மாறினால் எட்டாம் நம்பர் படிவம் என்று ஒன்று இருக்கிறது. சாமான் மூட்டை கட்டும்போதே அதையும் எழுதிவிட வேண்டும்.

பெயரை எடுக்க வேண்டுமானால், இறந்துபோனவர் விஷயம் தவிர, சம்பந்தப்பட்டவருக்குச் சொல்லி, அவருடைய வாதத்தைக் கேட்ட பிறகே எடுக்க முடியும். இது 22-வது பிரிவு. நோட்டீஸ் இல்லாமல் கோடு கிழித்தால் அது சட்ட விரோதம். 24-வது பிரிவின்படி முதலில் கலெக்டரிடமும், அடுத்து மாநிலத் தலைமைத் தேர்தல் அதிகாரியிடமும் அப்பீல் செய்யலாம். 1995-ல் லால்பாபு ஹுசேன் வழக்கில் நமது சுப்ரீம் கோர்ட் ஒரு நல்ல தீர்ப்பு கொடுத்தது. டில்லியிலும் பம்பாயிலும் குடிசைவாசிகளிடம், "நீ அந்நியன் இல்லை என்று ருசுப் பண்ணு" என்று கேட்டார்கள். ஏற்கெனவே பட்டியலில் இருப்பவனின் பெயர் சரியான விசாரணைக்குப் பிறகே அங்கே ஏறியது என்று எடுத்துக்கொள்ள வேண்டும், அதை லேசில் தள்ளிவிட முடியாது என்றது கோர்ட். பிரிவி கவுன்சில் தீர்ப்பையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். எந்தச் சட்டத்தை நாம் பல்லால் கடித்துக் காப்பாற்ற வேண்டும் என்பது புரியும்.

ஏன் இதைச் சொல்கிறேன்? 2025 நவம்பரில் தமிழ்நாட்டில் வீடு வீடாகப் படிவம் வந்ததே, தீவிரத் திருத்தம் என்று! 2002, 2005 திருத்தப் பட்டியலில் உன் பெயர் எங்கே, உன் அப்பன் பெயர் எங்கே என்று கேட்டது அந்தப் படிவம். டிசம்பர் 19-ல் வரைவுப் பட்டியல் வந்தபோது, மாநிலம் முழுவதும் சுமார் 97 லட்சம் பெயர்கள் அதில் இல்லை. இறந்தவர்களும் இரட்டைப் பதிவும் அதில் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் பெரும்பகுதி "இடம் மாறியவர், ஆளைக் காணோம்" என்ற கணக்கு. விடியற்காலை மலை ஏறி, பொழுது சாய்ந்து வருகிறவன் பகலில் வீட்டில் இருப்பானா? மார்க்சிஸ்ட் கட்சியும் தி.மு.க.வும் இதை எதிர்த்து சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயின. கோர்ட் வேலை கோர்ட்டில் நடக்கட்டும். நம் பெட்டியில் என்ன காகிதம் இருக்கிறது என்று நாம் பார்க்க வேண்டும்.

அந்தத் திருத்தத்தில் ஏற்கப்படும் என்று கமிஷன் சொன்ன காகிதங்களில் இரண்டு நமக்கு முக்கியம். ஒன்று பாஸ்போர்ட். கண்டியில் கொடுத்த இந்தியப் பாஸ்போர்ட் பல வீடுகளில் தகரப் பெட்டிக்குள் கிடக்கிறது. மற்றொன்று, 1987 ஜூலை 1-க்கு முன்னால் சர்க்காரோ, பாங்கோ, தபாலாபீஸோ, பொதுத்துறை நிறுவனமோ கொடுத்த எந்த அடையாளச் சீட்டும். டான்டீ சர்க்கார் நிறுவனம். ஆகவே அந்தத் தேதிக்கு முன் கொடுத்த பழைய வேலைச் சீட்டும், மறுவாழ்வுக் குடும்ப அட்டையும் இதில் அடங்கும் என்றுதான் நான் வாசிக்கிறேன். கரையான் அரித்த காகிதம் என்று எறிந்துவிடாதீர்கள், தாய்மார்களே. அதைப் போட்டோ எடுத்து மகன் போனிலும் மகள் போனிலும் வைத்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு விஷயம். கொஞ்சம் கசக்கும். இன்றைக்கு நீலகிரி எஸ்டேட்டுகளில் ஜார்க்கண்டிலிருந்தும் அஸ்ஸாமிலிருந்தும் வந்த ஜனங்கள் கொழுந்து எடுக்கிறார்கள். அவர்கள் இங்கேயே குடியிருந்து, ஊர்ப் பட்டியலில் பெயரை நீக்கிக்கொண்டு, இங்கே பதிவு கேட்டால் சட்டம் இடம் கொடுக்கிறது. இரண்டு இடத்தில் இருக்கக் கூடாது, அவ்வளவுதான். "நேற்று வந்தவனுக்கு இங்கே எதற்கு ஓட்டு?" என்று நம்மவர்களே டீக்கடையில் பேசுவதை நான் கேட்டிருக்கிறேன். இது யாருடைய பேச்சு? 1948-ல் கொழும்பில் நம்மைப் பார்த்துப் பேசிய பேச்சு! வந்து போகும் ஜனங்கள் என்ற அதே வார்த்தை! சங்கச் சந்தாவுக்கு அவன் வேண்டும், ஓட்டுக்கு வேண்டாமா?

ஓட்டு நாள் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1996-ல் சட்டத்தில் 135-பி என்ற பிரிவைச் சேர்த்தார்கள். வாக்குப்பதிவு நாளில் சம்பளத்தோடு லீவு. தினக்கூலிக்கும் உண்டு. மீறினால் முதலாளிக்கு அபராதம் எவ்வளவு தெரியுமா? அதிகபட்சம் 500 ரூபாய். ஹெல்மெட் போடாமல் வண்டி ஓட்டினால் ஆயிரம்! போதாக்குறைக்கு, வேலைக்கு வராததால் பெரிய நஷ்டம் வரும் என்றால் இந்த விதி பொருந்தாது என்று ஒரு சந்தும் வைத்திருக்கிறார்கள். கொழுந்து வாடிப்போகும், பாக்டரி நின்றுபோகும் என்று அந்தச் சந்து வழியாக நுழைவார்கள். விடக்கூடாது.

ரகசியம் பற்றி ஒரு வார்த்தை. யார் யாருக்குப் போட்டார்கள் என்று ஆளுக்கு ஆள் தெரியாது என்பது உண்மை. ஆனால் மெஷின் வந்த பிறகு சாவடி வாரியாக எண்ணி, சாவடி வாரியாகவே வெளியிடுகிறார்கள். ஒரு சாவடிக்கு இரண்டு எஸ்டேட் லயன் என்றால், அந்த லயன் எந்தப் பக்கம் சாய்ந்தது என்று மானேஜர் மறுநாளே படித்துவிடுவார். ஓட்டுச் சீட்டுக் காலத்தில் பல சாவடிச் சீட்டுகளைக் கலந்து எண்ணும் ஏற்பாடு இருந்தது. மெஷின்களையும் சேர்த்து எண்ணக் கருவி வைக்கலாம் என்று 2008-ல் தேர்தல் கமிஷனே யோசனை சொன்னது. 2015-ல் சட்டக் கமிஷனும் ஆமோதித்தது. மத்திய சர்க்கார் சம்மதிக்கவில்லை. பட்டணத்துப் பத்திரிகைகளுக்கு இது சின்ன விஷயம். லயனில் தண்ணீர்க் குழாய் யார் தயவில் வருகிறது என்று தெரிந்தவர்களுக்குச் சின்ன விஷயமல்ல. நமது கோரிக்கைப் பட்டியலில் இதையும் சேர்க்க வேண்டும் என்பது என் கருத்து.

வேட்பாளர் வண்டி வைத்து ஓட்டர்களை இலவசமாக ஏற்றிப்போவது 123-வது பிரிவில் ஊழல் நடவடிக்கை. பணம் கொடுப்பதும் அப்படியே. இது உங்களுக்குத் தெரியும். கொடுக்கிறவர்களுக்கும் தெரியும்.

கடைசியாக வேலை. ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்கு இங்கே கூடுகிறோம். பாகப் பட்டியலை அச்செடுத்துக் கொண்டுவருகிறோம். இரண்டு பேர் உரக்க வாசிப்பார்கள். லயன் லயனாக, கதவு கதவாகப் போவோம். சோலூர்மட்டம் பக்கத்துத் தோழர்களும் வருகிறார்கள். இருளர், குறும்பர் பதிகளுக்கு மத்தியானத்துக்கு மேல் ஒரு கோஷ்டி இறங்கும். நடக்கத் தெம்புள்ள இளைஞர்கள் அதற்குப் பெயர் கொடுங்கள். விடுபட்டவருக்கு ஆறாம் நம்பர் படிவம், வீடு மாறியவருக்கு எட்டாம் நம்பர். பேனா கொண்டுவாருங்கள். போன தடவை முப்பது பேருக்கு ஒரே பேனா இருந்தது.