லூசியா என்றொரு பெயர்

(நூற்றாண்டு விழா ஒன்றுகூடலில் ஆற்றிய உரை)



பேச வருபவர் வைத்தியர் என்றதும் நீரிழிவு, இரத்த அழுத்தம் என்று ஏதாவது வரும் என எதிர்பார்த்திருப்பீர்கள். இன்று ஒரு பெயரைப் பற்றிப் பேசப்போகிறோம். வகுப்புத் தோழியர் எல்லோரும் கூடிக் கதைத்து எடுத்த தலைப்பு இது. ஆகவே 'நாங்கள்' என்று சொல்வது மேடை மரியாதைக்காக அல்ல.

தொண்ணூறுகளின் தொடக்கம். மின்சாரம் இல்லை, மண்ணெண்ணெய்க்கு வரிசை, ஜாம் போத்தல் விளக்கில் படிப்பு. எங்கள் வகுப்பில் லூசியா என்று ஒருத்தி இருந்தாள். அந்தப் பெயரை நாங்கள் எப்படிச் சுருக்கினோம் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. 'லூசு.' முதலில் அவளும் சேர்ந்து சிரித்தாள். பிறகு வரவு கூப்பிடும்போது குரல் வெளியே வராமல் கையை மட்டும் உயர்த்தினாள். 1995 இடப்பெயர்வுக்குப் பின் அவள் எங்கள் வகுப்புக்குத் திரும்பவில்லை.

சில வருடங்களுக்கு முன் எங்கள் கண் கிளினிக்கிற்குத் தன் அம்மாவைக் கைபிடித்துக் கூட்டி வந்தாள். கண்புரைச் சத்திரசிகிச்சை. துணைக்கு வந்தவர் கையெழுத்திடும் இடத்தில் 'எல்.' என்ற ஒற்றை எழுத்தும், அதன்பின் வேறொரு பெயரும். "பிள்ளையளுக்கும் அந்தப் பேர் தெரியாது," என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.

அன்றிரவு வகுப்பு வாட்ஸ்அப் குழுவில் இதை எழுதினோம். காலை வணக்கத்துக்கே ஐம்பது பதில் வரும் குழு அது. நெடுநேரம் ஒருவரும் ஒன்றும் எழுதவில்லை.

லூசியா இலத்தீன் பெயர். 'லூசியஸ்' என்ற உரோம ஆண்பெயரின் பெண்பால். இரண்டுக்கும் வேர் 'லக்ஸ்', பொருள் ஒளி. (ஆம், நாங்கள் குளித்த சவர்க்காரத்தின் பெயரும், பௌதிகவியலில் ஒளிர்வை அளக்கப் படித்த அலகும் அதே சொல்தான்.) விடியும் வேளையில் பிறந்த பிள்ளைக்கு வைத்த பெயர் என்று உரோமர்களே விளக்கம் சொல்லியிருக்கிறார்கள். எங்கள் வகுப்பில் இரண்டு ஜோதிகள் இருந்தார்கள். அவர்களை ஒருவரும் கேலி செய்ததில்லை.

சிசிலித் தீவின் சிரக்கூசா நகரில் நான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில், டயோக்கிளேசியன் பேரரசன் காலத்தில், வேதசாட்சியாக இறந்த இளம்பெண் புனித லூசியா. கொழும்பு கொட்டாஞ்சேனைப் பேராலயம் அவர் பெயரில்தான் இருக்கிறது. அவருடைய கண்கள் பற்றிய கதை பல நூற்றாண்டுகள் கழித்தே சேர்ந்தது. ஆனாலும் ஓவியங்களில் ஒரு தட்டில் இரண்டு கண்களை ஏந்தி நிற்பவர் அவர்தான், கண்நோயாளரின் பாதுகாவலி. திருநாள் டிசம்பர் 13. பழைய நாட்காட்டியில் அது ஆண்டின் மிக நீண்ட இரவை ஒட்டி வந்த நாள். சுவீடனில் இன்றும் அந்த இருண்ட காலையில் பெண்பிள்ளைகள் தலையில் மெழுகுதிரி முடி சூடி வருவார்கள்.

எங்களைக் கூசவைத்தது இவை ஒன்றும் அல்ல. மருத்துவ மாணவியராக நாங்கள் பாடமாக்கிய ஒரு சொல். தலையில் அடிபட்டு நினைவிழந்தவர் சிறிது நேரம் தெளிந்து பேசுவார், பின்னர் மீண்டும் மயங்குவார். அந்தத் தெளிந்த இடைவேளையை 'லூசிட் இன்ரவல்' என்போம். முற்காலத்தில் சட்டத்தார் இதே சொல்லைச் சித்தம் கலங்கியவர் தெளிவாக இருக்கும் நேரத்துக்குப் பயன்படுத்தினார்கள். 'லூசிட்' என்பதும் அதே 'லக்ஸ்' வேர்தான். விசர் என்று நாங்கள் கூப்பிட்ட பெயருக்குப் புத்தித் தெளிவோடுதான் உறவு. பரீட்சைக்கு எத்தனையோ தரம் எழுதிய சொல். அப்போதெல்லாம் அவள் நினைவு எங்களுக்கு வரவில்லை.

இந்த மலரின் பழைய மாணவியர் பட்டியலுக்காக அவளைத் தொலைபேசியில் அழைத்து, மன்னிப்புக் கேட்டு, எந்தப் பெயரைப் போடுவது என்றும் கேட்டோம். "யோசிச்சுச் சொல்லுறன்," என்றாள். இரண்டு நாளில் குறுஞ்செய்தி வந்தது. முழுப்பெயரும் இருந்தது.

இன்று அவள் இந்த மண்டபத்தில் இருக்கிறாள், மகளோடு. தொலைபேசியில் கேட்டது போதாது. லூசியா, உம்முடைய மகளின் முன்னால் நாங்கள் எல்லோரும் உம்மிடம் மன்னிப்புக் கேட்கிறோம்.