பனங்கற்கண்டும் கிரானைட்டும்: மண்ணுக்கடியில் ஒரு பாறை எப்படி ஆறுகிறது?

தூத்துக்குடின்னதும் முத்து, உப்பு, மக்ரூன்னு வரிசையா சொல்லிடுவோம். கல்லைப் பத்தி யாரும் பேசுறதில்லை. இத்தனைக்கும் வ.உ.சி. துறைமுகமே கல்லை நம்பித்தான் நிக்குது. கடலுக்குள்ள நீளுற ரெண்டு அலைத்தடுப்புச் சுவர்ல வடக்குச் சுவர் சுமார் 4.1 கிலோமீட்டர், தெற்குச் சுவர் சுமார் 3.9 கிலோமீட்டர். ரெண்டுமே கல்லைக் கொட்டிக் கொட்டி எழுப்பினது.

கல் எப்படி உருவாகுது? எல்லாக் கல்லும் ஒரே மாதிரி உருவாகுறதில்லை. இன்னிக்கு நாம பேசப்போறது தீப்பாறை, அதுலயும் பூமிக்கு அடியிலேயே ஆறி இறுகின பாதாளப் பாறை. கிரானைட் அந்த வகைதான்.

இதைப் புரிஞ்சுக்க உடன்குடிக்குப் போகலாம். பதநீரைப் பாகாக் காய்ச்சி, கொட்டாங்கச்சியில ஊத்தினா சீக்கிரமே இறுகிடும். அது கருப்பட்டி. உடைச்சுப் பாத்தா பொடிப்பொடியாத்தான் இருக்கும். அதே பதநீரை வேற பக்குவத்துல காய்ச்சி, அசைக்காம வாரக்கணக்கில விட்டு வச்சா? பளபளன்னு பெரிய பெரிய கட்டி. அது பனங்கற்கண்டு. மூலப்பொருள் ஒண்ணுதான். படிகம் வளர எவ்வளவு நேரம் கிடைச்சதுங்கிறதுதான் பெரிய வித்தியாசம்.

பாறைக்கும் இதே கதைதான். உருகின குழம்பு பூமிக்குள்ள இருக்கிறவரை மாக்மா, வெளிய கொட்டினா லாவா. லாவா காத்துலயும் தண்ணியிலயும் பட்டு வேகமா ஆறிடும். படிகம் வளர நேரமே இல்லை. மகாராஷ்டிராவோட கருப்பு பசால்ட் அப்படி வந்தது, சுமார் 6.6 கோடி வருஷத்துக்கு முன்னாடி. ஆனா சில கிலோமீட்டர் ஆழத்துல மாட்டிக்கிட்ட மாக்மாவைச் சுத்தி பாறைதான் போர்வை. பாறை வெப்பத்தைக் கடத்துறதுல மகா சோம்பேறி.

எவ்வளவு சோம்பேறி? கோடு எழுதுறவங்களுக்கு இது பிடிக்கும்: ஆறுற நேரம் தடிமனோட வர்க்கத்துக்கு ஏத்த மாதிரி கூடும். பத்து மடங்கு தடிமன்னா நூறு மடங்கு நேரம். தோராயக் கணக்கு போட்டா, 1 மீட்டர் தடிமன் ஆற சுமார் 12 நாள். 10 மீட்டருக்கு சுமார் 3 வருஷம். 1 கிலோமீட்டருக்கு 30,000 வருஷம்! நிஜத்துல நிலத்தடி நீர், படிகமாகும்போது வெளிவர்ற வெப்பம் எல்லாம் சேர்ந்து கணக்கை மாத்தும். ஆனா அளவு புரிய இது போதும்.

இன்னொரு விஷயம், மாக்மா முழுசா ஒரே நேரத்துல உறையாது. எந்தத் தாது எந்த வரிசையில வரும்னு 1920கள்ல நார்மன் போவன் ஆய்வுக்கூடத்துல உருக்கி உருக்கிப் பாத்துச் சொன்னாரு. இரும்பும் மக்னீசியமும் நிறைஞ்சது முதல்ல, குவார்ட்ஸ் கடைசியில. கூட்டமான பஸ்ல கடைசியா ஏறினவன் கிடைச்ச இடுக்குல நிக்கிற மாதிரி, குவார்ட்ஸும் மிச்ச இடத்தை அடைச்சுக்கும். உங்க வீட்டு சமையல் மேடை நிஜமான கிரானைட்னா உத்துப் பாருங்க. வெள்ளையாவோ ரோஸாவோ கட்டம் கட்டமா இருக்கிறது ஃபெல்ட்ஸ்பார். நடுவுல கண்ணாடி மாதிரி சாம்பல் நிறத்துல, தனக்குன்னு ஒரு வடிவமே இல்லாம இருக்கிறது குவார்ட்ஸ்.

ஏன் 'நிஜமான'ன்னு சொன்னேன்? கடையில பாலிஷ் போட்ட கடினமான கல் எல்லாமே கிரானைட்தான். 'பிளாக் கிரானைட்'னு விக்கிறது பெரும்பாலும் டோலரைட்டோ கேப்ரோவோ. பட்டை பட்டையா கோடு ஓடினா அது நைஸ். பழைய பாறை மறுபடி வெப்பத்துலயும் அழுத்தத்துலயும் மாட்டி உருமாறினது. தென் தமிழ்நாட்டுல இந்த உருமாறின வகை ஏராளம்.

தூத்துக்குடி மாவட்டத்துலயே கழுகுமலை இருக்கு. 8ஆம் நூற்றாண்டுல பாண்டியர் காலத்துச் சிற்பிகள் மேலிருந்து கீழா வெட்டி, முடிக்காம விட்ட வெட்டுவான் கோயில் அங்கதான். அதே நூற்றாண்டுல எல்லோராவுல கைலாசநாதர் கோயிலும் மேலிருந்துதான் வெட்டினாங்க, ஆனா பசால்ட்ல. ஆழத்துல உருவான பாறை நம்ம கண்ணுக்குத் தெரியுதுன்னா, அதுக்கு மேல இருந்த கிலோமீட்டர் கணக்கான பாறையை மழையும் வெயிலும் அரிச்சு முடிச்சிருக்குன்னு அர்த்தம். உருவாகவும் காலம், வெளிய வரவும் காலம்.

இதைச் சொல்றதுக்குக் காரணம் இருக்கு. தூத்துக்குடியில கடைசியா பெரிய முத்துக்குளிப்பு நடந்தது 1961ல. முத்துச்சிப்பி உயிருள்ளது, பார்கள்ல திரும்பப் பெருகுறதுக்கு ஒரு வாய்ப்பாவது உண்டு. வெடி வச்சுத் தகர்த்த குன்றுக்கு அந்த வாய்ப்பே கிடையாது. கல் வேண்டாம்னு சொல்லல. துறைமுகத்துக்கும் வேணும், வீட்டுக்கும் வேணும். ஆனா குவாரிக்கு அனுமதி கேட்டு ஒரு குன்றோட பேரு செய்தியில வந்தா, 'வெறும் கல்லுதானே'ன்னு ஸ்க்ரோல் பண்ணிப் போயிடாதீங்க. எத்தனை கன மீட்டர்னு கேக்குற அதே மூச்சுல, எத்தனை வருஷம்னும் கேளுங்க.

உங்க ஊர்க் குன்று என்ன கல்லுன்னு பாத்துட்டு எழுதுங்க. அடுத்த எபிசோட்ல சந்திக்கலாம்.