முற்றத்து வெயில்



ஸ்ரீரங்கத்தில் உத்தர வீதியில் எங்கள் பழைய வீடு இருந்தது. இருண்ட ரேழியைக் கடந்தால் கூடம். அதன் நடுவே வானம் பார்த்த முற்றம். முற்றத்து வெயில் சுவரிற் பட்டுத் திரும்பி, தூணோரம் அமர்ந்திருக்கும் என் பாட்டியின் முகத்தில் மெல்லப் படியும். கல்லூரி நாளில் இரவல் காமிரா ஒன்று கிடைத்தபோது, வெளிச்சம் போதாதென்று எண்ணி, அவளைத் தெருவுக்கு அழைத்து வந்து உச்சி வெயிலில் நிறுத்திப் படம் எடுத்தேன். கூசிச் சுருங்கிய முகமும், கண்குழிகளில் கரிய நிழலுமே பதிவாயின. வேறொரு படம் எடுக்குமுன் அவள் காலமானாள். என் பிழை யாதென்பதைப் பின்னாளில் எனக்கு உணர்த்தியவை ஒரு திரைப்பட ஒளிப்பதிவாளரின் படங்கள். அவரைக் குறித்தே இன்று பேச விழைகிறேன்.

பாலு மகேந்திரா 1939-ஆம் ஆண்டு இலங்கையில் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். பள்ளிச் சிறுவராய் இருந்த காலத்தில், டேவிட் லீன் என்னும் ஆங்கில இயக்குநர் அத்தீவில் நடத்திய படப்பிடிப்பைக் காணும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. அன்று பற்றிய ஆர்வமே அவரைப் பின்னர் புனே திரைப்படக் கல்லூரிக்குக் கொணர்ந்தது. அங்கு ஒளிப்பதிவு பயின்று, 1974-இல் வெளியான 'நெல்லு' என்ற மலையாளப் படத்தினால் புகழ் பெற்றார். தமிழில் 'முள்ளும் மலரும்', தெலுங்கில் 'சங்கராபரணம்' ஆகியவற்றின் ஒளிப்பதிவும் அவருடையதே. தாம் முதன்முதலில் இயக்கிய கன்னடப் படமாகிய 'கோகிலா'வுக்கும், 1982-இல் வந்த 'மூன்றாம் பிறை'க்கும் சிறந்த ஒளிப்பதிவுக்கான தேசிய விருதுகளைப் பெற்றார்.

அந்நாளைய பிலிமுக்கு ஒளி மிகுதியாகத் தேவைப்பட்டது. ஆதலால், பெரும் விளக்குகளை எரித்து, முகத்தில் நிழலே விழாதபடி செய்வது ஸ்டூடியோக்களில் வழக்கமாயிருந்தது. பாலு மகேந்திராவோ, இவ்வறையில் ஒளி எங்கிருந்து வருகிறது என்ற கேள்வியையே முதலில் எழுப்பினார். சன்னல் வழி வந்தால் சன்னல் ஒளியே போதும். ஒரு பாதி முகம் நிழலில் இருந்தால் இருக்கட்டும் என்று துணிந்தார். மெக்சிகோவின் மாபெரும் ஒளிப்பதிவாளர் கப்ரியேல் பிகேரோவா, மேகம் திரண்ட தம் நாட்டு வானத்தை வண்ணக் கண்ணாடிகளின் துணையால் அழுத்தமாய்த் தீட்டி உலகப் புகழ் எய்தினார். இவருடைய களமோ நம் வீட்டுச் சன்னலும் திண்ணையும். தத்தம் மண்ணின் ஒளியை அறிந்தவர்கள் என்பதில் இருவரும் ஒருவரே.

1988-இல் வெளிவந்த 'வீடு' படத்தில், பாதி கட்டிய வீட்டைக் காண முதியவர் ஒருவர் தனியே வருகிறார். சுவர்களைத் தடவிப் பார்க்கிறார். சொக்கலிங்க பாகவதரின் அந்த முகத்தைத் திரையிற் கண்டபோது எனக்குப் பாட்டியின் நினைவு வந்தது. அன்று அவளை நான் எழுப்பியிருக்கவே கூடாது. நானல்லவோ இடம் மாறி நின்றிருக்க வேண்டும்!

'தலைமுறைகள்' என்ற தம் இறுதிப் படத்தில் பாலு மகேந்திராவே பாட்டனாராக நடித்தார். அப்படம் 2013-இல் வந்தது. 2014 பிப்ரவரி 13-ஆம் நாள் அவர் மறைந்தார்.

மாணவ நண்பர்களே! இன்று உங்களிற் பலரின் கையில் காமிரா இருக்கிறது. வீட்டுப் பெரியவர்களைப் படம் எடுக்கும்போது அவர்களை வெயிலுக்கு இழுக்காதீர்கள். அவர்கள் அமர்ந்திருக்கும் இடத்துக்கு ஒளி எந்நேரம் வருகிறதென்று பார்த்துக் காத்திருங்கள்.